கொம்பையாவும் கொலபோன்காரரும்

அரியலூரை அடுத்த கல்லங்குறிச்சிப் பக்கம் பூங்காவனம் என்பவளின் கொல்லையில் கிணறு வெட்டும்போது ஒரு கல் கிளம்பியது. ஆட்டுக்கிடாயின் கொம்பு மாதிரி சுருண்டு, மாட்டுவண்டிச் சக்கரத்தில் பாதி இருந்தது. அதை மேலே தூக்கிய மறுநிமிஷம் தண்ணீர் பீறிட்டதாம். வெட்டிய ஆட்கள் நீந்தித்தான் கரையேறினார்களாம். நம்புகிறவர்கள் நம்பலாம். கல்லுக்குக் கொம்பையா என்று பெயர் வைத்து, வேப்பமரத்தடியில் உட்காரவைத்து, வெள்ளிக்கிழமைதோறும் மஞ்சள் பூசி விளக்கேற்றினார்கள்.

அந்த வீட்டுக்கு 1996இல் மருமகளாக வந்தவள் சம்பூர்ணம். தா.பழூரில் நெல் விளைவிக்கிற குடும்பம். திருச்சியில் எம்.ஏ. சேரப் போனபோது இங்கிலீஷ் பிரிவில் இடமில்லை என்று தத்துவத்தில் தள்ளிவிட்டார்கள். அவள் போய் விழுந்த இடம் கிரேக்க தேசம். விழுந்தவள் எழுந்திருக்கவே இல்லை.

கல்யாணமாகி முதல் வெள்ளிக்கிழமை. மாமியார் பூங்காவனம் குழைத்த மஞ்சளைக் கையில் கொடுத்து, "நீ பூசும்மா" என்றாள். கல்லின் வரிகளில் விரல் ஓடியதும் சம்பூர்ணத்துக்கு உடம்பு சிலிர்த்தது. பக்தியினால் அல்ல. இதே சுருள், உள்ளங்கை அளவில், கல்லூரிக் கண்ணாடி அலமாரியில் இருந்தது. கல்லாகிப்போன கடல் பிராணியின் ஓடு. சொல்ல வாயெடுத்தவள் திரும்பிப் பார்த்தாள். மாமியார் கண்ணை மூடி, கன்னத்தில் போட்டுக்கொண்டிருந்தாள். எடுத்த வாயை மூடிக்கொண்டாள்.

ஆனால் மனசு மூடவில்லை. இரண்டாயிரத்தைந்நூறு வருஷத்துக்கு முன்னால், கொலபோன் என்கிற கிரேக்க ஊரில் பிறந்த ஒரு தத்துவவாதியை அவள் படித்திருந்தாள். கடலுக்கு வெகுதூரத்தில் மண்ணில் கிளிஞ்சல் கிடக்கிறது, கல்லுக்குழியில் மீனின் தடம் இருக்கிறது, ஆகவே நிலம் ஒருகாலத்தில் கடலாக இருந்தது என்றவர். மனுஷன் தன் சாயலிலேயே சாமியைச் செய்துகொள்கிறான் என்று கேலியும் செய்தவர். நம் பக்கத்து வழக்கப்படி சம்பூர்ணம் அவரை ஊர் பெயரால் கொலபோன்காரர் என்றே சொல்லுவாள். அறுபது வருஷத்துக்கு மேல் ஊர் ஊராக அலைந்தவர். பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டில் ஒரு மணி நேரம் நின்றிருந்தால் உலகம் முழுவதையும் அங்கேயே பார்த்திருப்பார்.

அவரைப் பற்றியே பிஎச்.டி. செய்வது என்று முடிவானது. பெரம்பலூரில் ஒரு தனியார் கல்லூரியில் வேலை, கூடவே ஆராய்ச்சி. கொலபோன்காரர் எழுதியது முழுசாகக் கிடைக்காது. கிளிஞ்சல் விஷயமே, பிற்காலத்தில் ஒரு பாதிரியார் அவரைத் திட்டுவதற்காக எடுத்துச் சொன்னதால் மிஞ்சியது. "திட்டினவருக்கும் ஒரு கும்பிடு" என்பாள் சம்பூர்ணம். கிரேக்க எழுத்தை அரியலூர் பஸ்ஸில் கற்றாள். மறக்காமல் இருக்க வாசலில் கோலமாவால் போட்டுப் பார்த்தாள். எதிர்வீட்டுக்காரர் பாவாடை அதைச் செய்வினை என்று நினைத்து, ஒரு மாசம் தெருவைச் சுற்றிக்கொண்டு போனார்.

ஊர் வாயை அடைத்தது பூங்காவனம்தான்.

"ஒம் மருமவ யாரோ வெளிநாட்டுக்காரனப் படிக்கப் போறாளாமே?" என்று ஒருத்தி இழுத்தாள்.

"செத்து ரெண்டாயிரம் வருசமான ஆளத்தான் படிக்கிறா. ஒம் மருமவ உசுரோட இருக்கிற பக்கத்து வூட்டுக்காரனப் படிக்கிறாளே, அதுக்கு இது தேவல."

அதோடு அந்தப் பேச்சு ஊரில் செத்தது.

வருஷங்கள் போயின. பெண் குழந்தை பிறந்தது. இதற்கிடையே பெரம்பலூரிலிருந்து அரியலூரைத் தனி மாவட்டமாகப் பிரித்தார்கள். ஆய்வேட்டில் வீட்டு முகவரியை மாற்றினாள். மறுவருஷமே சேர்த்தார்கள், பழையபடி மாற்றினாள். நிலமும் கடலும் பிரியும், கலக்கும் என்று கொலபோன்காரர் சொன்னதற்கு வேறு சான்றே வேண்டாம் போலிருந்தது.

ஆய்வேட்டின் நாலாம் அத்தியாயத்தில் ஒரு காரியம் செய்தாள். கொம்பையாவைப் பற்றி எழுதினாள்: எங்கள் வீட்டில் கும்பிடும் சாமி ஒரு கடல் ஓடு என்று. இங்கிலீஷில்தானே இருக்கிறது, மாமியார் எங்கே படிக்கப் போகிறாள் என்கிற தைரியம்.

2004இல் திருச்சியில் வாய்மொழித் தேர்வு. யாரும் வந்து உட்காரலாம், கேள்வியும் கேட்கலாம் என்று கணவன் ராசாங்கம் வீட்டில் சொல்லிவைத்தான். அவ்வளவுதான். பூங்காவனம் அதை நிச்சயதார்த்தம் மாதிரி எடுத்துக்கொண்டாள். வேன் நிறைய ஆட்கள், பட்டுப்புடவை, வெற்றிலை பாக்கு பழம் அடுக்கிய தாம்பாளங்கள். எல்லோரும் முன்வரிசையில் உட்கார்ந்துவிட, பேராசிரியர்கள் பின்னால் நின்றார்கள்.

வெளியூர்த் தேர்வாளர் காசிநாதன் முக்கால்மணி நேரம் இங்கிலீஷில் துளைத்தார். சம்பூர்ணம் அசரவில்லை. பிறகு பக்கத்தைப் புரட்டினார். "நாலாம் அத்தியாயத்துல ஒங்க வீட்டுச் சாமியப் பத்தி எழுதியிருக்கீங்களே, அதச் சொல்லுங்க."

அவள் பல்லுடைக்கிற இங்கிலீஷில் ஆரம்பித்தாள். காசிநாதன் கையமர்த்தினார். "தமிழ்லயே சொல்லுங்கம்மா. வீட்டுக்காரங்க அவ்ளோ தூரத்துலேருந்து வந்திருக்காங்க."

எழுதியதை இல்லை என்றால் பட்டம் போய்விடும். ஆமாம் என்றால் மாமியார் போய்விடுவாள். எந்தப் பக்கம் பார்த்தாலும் பள்ளம். கொலபோன்காரர் ஊரை விட்டு ஓடினவர். இவளுக்கு ஓடுவதற்கும் அந்த வீட்டை விட்டால் வேறு வீடு இல்லை.

"நாங்க கும்பிடுற கொம்பையா கடல் பிராணியோட ஓடுங்க சார். எங்க ஊரு ஒரு காலத்துல கடலா இருந்துச்சு."

ராசாங்கம் மின்விசிறியை அண்ணாந்து பார்த்தான். பூங்காவனம் தாம்பாளத்தோடு எழுந்தாள்.

"சார், யாரு வேணா கேக்கலாமுன்னாங்க. நான் ஒண்ணு கேக்கலாமுங்களா?"

"தாராளமா கேளுங்கம்மா."

"ஏண்டி சம்பூர்ணம், இது ஒனக்கு எப்பத் தெரியும்?"

"வந்த மொத வெள்ளிக்கெழமையே தெரியும், அத்தை."

"தெரிஞ்சேதான் இத்தன வருசமா மஞ்ச பூசுனியா? எதுக்குடி பூசுன? எனக்குப் பயந்தா?"

காசிநாதன் பேனாவை மூடினார். அவர் கேட்ட எதுவும் இவ்வளவு கடினமாக இல்லை.

"மொதல்ல பயந்துதான் அத்தை," என்றாள் சம்பூர்ணம். "அப்புறம் பயமில்ல. மொத பஸ்ஸுக்கு நான் கெளம்புறதுக்குள்ள சோறு ஆக்கிக் கட்டி வச்சிருப்பீங்க. புள்ளைய மரத்துல தூளி கட்டிப் போட்டுட்டு, எம் பங்குக் களையும் சேத்து எடுப்பீங்க. ஒங்ககிட்ட நன்றின்னு சொன்னா வெரட்டுவீங்க. சொல்லாம இருக்கவும் முடியல. அதான் வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம அதுகிட்ட சொன்னேன். அது ஓடுதான். ஆனா நான் அதுகிட்ட சொன்னது அத்தனையும் நெசம்."

பூங்காவனம் தாம்பாளத்தில் சரிந்த வாழைப்பழச் சீப்பை நிமிர்த்தி வைத்தாள்.

"போடி போக்கத்தவளே," என்றாள். பிறகு காசிநாதன் பக்கம் திரும்பி, "நான் கேக்க வேண்டியதக் கேட்டுட்டேங்க. நீங்க ஆவுறதப் பாருங்க," என்று தாம்பாளத்தை அவர் மேசைமேல், ஆய்வேட்டின் மேலேயே வைத்தாள்.

காசிநாதன் சிரித்துக்கொண்டே, பட்டத்துக்குப் பரிந்துரைப்பதாக அறிவித்தார். முன்வரிசையில் ஒருத்தி குலவை போட்டாள்.

வேன் புள்ளம்பாடி தாண்டியது. பூங்காவனம், "அந்தக் கொலபோன்காரரு கல்யாணம் கட்டுனவரா?" என்று கேட்டாள்.

"தெரியல அத்தை."

"கட்டியிருக்க மாட்டாரு. மாமியா இருந்திருந்தா அத்தன வருசம் அலைய வுட்டிருப்பாளா?"

அந்த வாரமே ரேஷன் கடை வரிசையில் பூங்காவனத்தின் குரல் நாலு தெருவுக்குக் கேட்டது.

"பெருமாளு பாற்கடல்ல படுத்திருக்காருன்னு கேள்விப்பட்டிருக்கோம். எங்க கொம்பையா கடல்லேருந்தே வந்தவரு. அவரு பொறந்த எடத்தக் கண்டுபுடிக்க எம் மருமவ டாக்டர் பட்டமே வாங்கியிருக்கா. ஒங்க சாமிக்கெல்லாம் யாருடி இருக்கா?"