தங்கையின் மேசைக் கால்கள்

தங்கையைவிட எனக்கு எல்லாமே குறைவாகத்தான் தருகிறார்கள் என்று நம்பிய வயது அது. எனக்குப் பத்து, அவளுக்கு ஏழு. அவளுக்குத் தோசை முறுகலாக வரும். எனக்கு ஓரம் பிய்ந்து வரும். பஸ்ஸில் தூங்கிவிட்டால் அவளைத் தூக்கிக்கொண்டு இறங்குவார்கள். என்னை எழுப்பி நடக்கவிடுவார்கள். சொன்னால் சிரிப்பார்கள்.

அப்போது நீலசந்திராவில் ஒற்றை அறை வீட்டில் இருந்தோம். அப்பாவுக்கு ஹெப்பகோடிப் பக்கம் அடுக்குமாடி வீடுகளில் மரவேலை. ஞாயிறு மட்டும் லீவு. எங்களுக்கு ஆளுக்கொரு குட்டி மேசை செய்வதற்காக மரக்கடையிலிருந்து கால்களுக்கு இரண்டு அங்குலச் சட்டங்களும் மேலே போடப் பலகைகளும் வாங்கி வந்தார். அந்த ஞாயிறு முழுக்க வாசலில் உட்கார்ந்து இழைப்புளியால் மரத்தைச் சீவி வழவழப்பாக்கி என் மேசையை முடித்தார். சாயங்காலம் தங்கை அழுது புரண்டதால் அவளுடைய சட்டங்களையும் பலகையையும் இழைக்காமலே திருகாணி போட்டு நிறுத்திவிட்டார். அடுத்த வாரம் கழற்றி இழைத்துக்கொள்ளலாம் என்றார்.

மறுநாள் பள்ளி விட்டு வந்ததும் ஜியாமெட்ரி பாக்ஸிலிருந்து ஸ்கேலை எடுத்து இரண்டு மேசைகளின் கால்களையும் அளந்தேன். அவளுடையது சரியாக இரண்டு அங்குலம். என்னுடையது ஒன்றே முக்கால். மூன்று தடவை அளந்தேன். இத்தனை நாள் தேடிய சாட்சி கையில் கிடைத்துவிட்டது.

அப்பா வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் ஸ்கேலோடு போய் நின்றேன்.

"ரெண்டும் ரெண்டு இஞ்சு மரம்தாம்மா. கடையில அறுக்கிற அளவு அது. இழைச்சா கால் இஞ்சு போயிடும். அப்பவும் ரெண்டு இஞ்சுன்னுதான் சொல்லுவாங்க."

"அவளோடதுல மட்டும் ஏன் போகல?"

"வர்ற ஞாயித்துக்கிழமை அதுலயும் போயிடும்."

மாட்டிக்கொண்டவர்கள் எல்லோரும் இப்படித்தான் சமாளிப்பார்கள் என்று நினைத்தேன். "எனக்கு அதுதான் வேணும்" என்றேன்.

"கை வைக்க முடியாதும்மா, சிராய் ஏறும்."

"ஏறட்டும்."

அப்பா மேசைகளை இடம் மாற்றி வைத்தார். தங்கை வழவழப்பான பலகையில் கன்னத்தை வைத்துப் படுத்துக்கொண்டாள். தான் ஏமாந்தது கூடத் தெரியாத அசடு என்று நினைத்துக்கொண்டேன்.

சொன்னபடியே ஞாயிறன்று அப்பா இழைப்புளியோடு வந்தார். நான் ஏறி மேசைமேல் உட்கார்ந்துகொண்டேன்.

"குறைஞ்சிடும், வேணாம்."

"எறங்குடி, உங்கப்பா ஒரு நாள் லீவுல எத்தனதான் பண்ணுவாரு" என்றாள் அம்மா. நான் இறங்கவில்லை. அப்பா இழைப்புளியைப் பைக்குள் வைத்துவிட்டார்.

அந்த வருடம் முழுவதும் பழைய போர்வையை விரித்துப் போட்டுத்தான் எழுதினேன். அப்படியும் முழங்கையில் சிராய் ஏறும். அப்பா ஊக்கால் எடுத்துவிடுவார். வலித்தாலும் காட்டிக்கொள்ள மாட்டேன். பக்கத்தில் தங்கையின் பென்சில் வழுக்கிக்கொண்டு போகும். அவள் கையெழுத்து மட்டும் எப்படி நேராக வருகிறது என்று அதற்கும் பொறாமைப்பட்டேன்.

அப்பாவுக்கு வாரத்தில் இருந்தது ஒரே ஒரு நாள். அதை முதலில் எனக்குத்தான் கொடுத்திருந்தார். ஸ்கேலும் கையுமாக நின்று அதைத் தங்கைக்குத் தூக்கிக் கொடுத்தது நான்தான் என்று அன்று எனக்குத் தெரியவில்லை.