மச்சான் எடுத்த பலாப்பழப் படம்

என் தங்கை புருஷனுக்குக் கேமரா பிடிக்கச் சொல்லிக்கொடுத்தவனே நான்தான். அறுபதுகளின் நடுவில், மெட்ராஸில் செய்திப்படம் எடுக்கும் ஒரு கம்பெனியில் வேலை பார்த்தேன். அவனையும் அங்கே சேர்த்துவிட்டேன். ஜனங்களின் திருவிழா, தொழில், வீட்டு வாழ்க்கை, இதையெல்லாம் சின்னச் சின்னப் படங்களாக எடுக்க வேண்டும்.

ஒரு வருஷம் எனக்குச் சிதம்பரம் தேரோட்டம் கிடைத்தது. அவனுக்குப் பண்ருட்டிப் பலாப்பழம். தேர் எங்கே, பலாப்பழம் எங்கே என்று உள்ளுக்குள் சிரித்துக்கொண்டேன். மாடி மாடியாக ஏறி, வெயிலில் தோல் உரிய எடுத்தேன்.

கடைசியில், சிதம்பரம் டாக்கீஸில் பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டக் கம்பெனி கொடுத்தது பலாப்பழத்தைத்தான். எங்கள் ஊரான கடலூரிலிருந்து குடும்பத்தோடு பஸ் ஏறிப் பார்க்கப் போனோம்.

மரம், சந்தை, லாரி என்று போன படம் திடீரென்று எங்கள் வீட்டுக் கொல்லைக்குள் நுழைந்தது. திரையில் என் அம்மா! கையில் எண்ணெயைத் தடவிக்கொண்டு பழத்தைப் பிளந்தாள். ஒரு சுளையை வாயில் போட்டுக்கொண்டு எதற்கோ சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை. கொட்டகையே கூடச் சிரித்தது. எனக்கு வயிறு எரிந்தது. ஊர் ஊராகப் போய் அடுத்த வீட்டு அம்மாக்களை எடுத்தவன் நான். என் அம்மாவை அவன் எடுத்துவிட்டான்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டேன். “அவனுக்கு மட்டும் எப்படிம்மா அப்படிச் சிரிச்ச?”

“நீ கேமராவ எடுத்தா, ‘ஓரமா போம்மா, மறைக்குது’ன்னுவ. மாப்ள, ‘நீங்க பாட்டுக்கு வேலைய பாருங்க அத்தை’ன்னாரு. நானும் கேமராவ மறந்துட்டேன்.”

மறுநாளே ஒரு பழம் வாங்கி வந்து கொல்லையில் கேமராவை நிறுத்தினேன். அம்மா பட்டுப்புடவை கட்டி, தலை நிறையப் பூ வைத்துக்கொண்டு வந்து விறைப்பாக நின்றாள்.

“சிரிம்மா.”

“எதுக்குடா?”

அப்படியே பிலிம் ஓடித் தீர்ந்தது.

மெட்ராஸில் அதைப் போட்டுப் பார்த்தபோது மச்சானும் பக்கத்தில் இருந்தான். “நல்லா வந்திருக்கு மச்சான். அத்தை ராணி மாதிரி இருக்காங்க” என்றான். மனசாரத்தான் சொன்னான். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. எழுந்து டீக்கடைக்குப் போய்விட்டேன்.

அடுத்து, காட்டுமன்னார்கோயில் அறுவடையைப் படமெடுக்க எங்கள் இருவரையும் சேர்த்தே அனுப்பினார்கள். பஸ்ஸில் பெட்டியை வாங்கிக்கொள்ள அவன் எத்தனையோ தடவை கை நீட்டினான். ஊர் வந்து சேரும்வரை கேமராப் பெட்டியை என் மடியை விட்டு நான் இறக்கவில்லை.