எட்டுத் தட்டு கனகராஜ்

கனகராஜுக்கு எழுபத்தேழு வயது. அதில் ஏழு நிமிடம் அவர் டிவி கலைஞர். மீதிக் காலத்தில் செமோர் பக்கத்து எஸ்டேட்டில் பால்மரம் சீவினார், பஸ்ஸில் டிக்கெட் கிழித்தார், ஈப்போவில் ஒரு தொழிற்சாலைக்குக் காவல் இருந்தார். ஆனால் என்ன வேலை பார்த்தீர்கள் என்று கேட்டால் அந்த ஏழு நிமிடம்தான் முதலில் வரும்.

கருப்பு வெள்ளை டிவி காலம். கோலாலம்பூரில் ஒரு தமிழ்ப் பல்சுவை நிகழ்ச்சி. பாட்டு, மாயாஜாலம், கணக்குப் போடும் நாய். நாய்க்கு அடுத்தபடியாக கனகராஜ். எஸ்டேட் வீடுகளில் இரவல் வாங்கிய எட்டு மங்குத் தட்டுகளை எட்டுக் கம்புகளின் மேல் சுழலவிட்டார். நேரடி ஒளிபரப்பு, பதிவெல்லாம் கிடையாது. ஒரு தட்டுகூட விழவில்லை என்பது கனகராஜின் வாக்குமூலம். மறுக்க யாரும் முன்வராததால் ஐம்பத்தைந்து வருடம் அதை ஓட்டிவிட்டார். பிற்பாடு கோப்பெங்கிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த ராக்காயியும் பாவம், தலையாட்டித் தலையாட்டிக் கேட்டாள்.

போன மாதம் கோயில் மண்டபத்தில் மூத்த கலைஞர்களுக்குப் பொன்னாடை என்று அறிவிப்பு வந்தது. கனகராஜ் முதல் ஆளாகப் பெயர் கொடுத்தார். கல்யாண வீடுகளில் கரோக்கே பாடுகிற நாலு பேரை ஒரு கேள்வியும் கேட்காமல் சேர்த்துக்கொண்ட கோயில் தலைவர் சதாசிவம், இவரிடம் மட்டும் ஆதாரம் கேட்டார். படம் வேண்டும், இல்லையென்றால் பார்த்தவர் கடிதம் வேண்டுமாம்.

அன்றைக்கு எஸ்டேட்டில் டிவி இருந்தது, ஆபீஸில் தொழிலாளர் பேர் பதியும் யாழ்ப்பாணத்துக் கிராணி துரைசிங்கத்தின் வீட்டில் மட்டும். ஜன்னலுக்கு வெளியே நின்று பார்த்தவர்கள் எல்லோரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். துரைசிங்கம் தொண்ணூறு வயதில் லகாட்டில் மகள் வீட்டில் இருந்தார். கண், காது, பல் எல்லாம் சொந்தமாகவே இருந்தன. கடிதம் கேட்டுப் போன கனகராஜின் கெட்ட நேரம், ஞாபகமும் அப்படியே இருந்தது.

“மூண்டு தட்டு விழுந்தது, கனகராஜ். ஒண்டு உருண்டு போய், செய்தி வாசிக்கிறவற்ற மேசைக்குக் கீழ நிண்டது.”

“அத மட்டும் விட்டுருங்க லா, ஐயா.”

“கண்டதைத்தான் எழுதுவன். இல்லாட்டி எழுதமாட்டன்.”

ஆயுசு முழுக்கப் பேர் பதிந்த கை. தேதி, நேரம், விழுந்த தட்டுகளின் எண்ணிக்கை, ஒன்றும் விடாமல் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தது. கனகராஜ் அந்தக் கடிதத்தை மூன்று நாள் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு அலைந்தார். கொடுத்தால் மானம் போகும், கொடுக்காவிட்டால் பொன்னாடை போகும். கடைசியில், சதாசிவம் எதையும் படித்துப் பார்க்கிற ஆள் இல்லை என்ற தைரியத்தில் கொடுத்துவிட்டார்.

சதாசிவம் படித்துப் பார்க்கவில்லைதான். அப்படியே கோப்பில் வைத்து, விழா மேடையில் முதன்முறையாகப் பிரித்து, மைக்கில் ஒரு வரி விடாமல் வாசித்தார்.

மேசைக்குக் கீழே போன தட்டுக்கு மண்டபமே சிரித்தது. கனகராஜ் பொன்னாடையோடு கீழே இறங்கினார். பொய் பிடிபட்ட மனிதர், மனைவியின் பக்கத்து நாற்காலியில் தலையைக் குனிந்தபடி உட்கார்ந்தார்.

ராக்காயி சிரிக்கவில்லை. அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அப்போ நெசமாவே டிவில வந்திருக்கீங்களா?” என்று கேட்டாள்.