வான் நகரில் நான் சாப்பிடாத காலை உணவு

ஞாயிற்றுக்கிழமை காலை 6.40க்குப் பட்டாபிராமில் மின்சார ரயில் ஏறினேன். ஆவடிக்கு ஐந்து ரூபாய் டிக்கெட். அங்கிருந்து பூந்தமல்லிக்குப் பேருந்து, பிறகு காட்டுப்பாக்கத்துக்கு ஷேர் ஆட்டோ. எல்லாம் சேர்த்துப் பதினெட்டுக் கிலோமீட்டர் இருக்கலாம். இதுவரை இருபதுக்கும் மேற்பட்ட பயணக் கட்டுரைகள் எழுதியிருக்கிறேன். இவ்வளவு குறைந்த தூரத்துக்கு ஒன்றும் எழுதியதில்லை. இவ்வளவு பயந்துகொண்டு எங்கேயும் போனதுமில்லை.

பயத்துக்குக் காரணம் நான் எழுதிய ஒரு கட்டுரை. ஆவடியில் படைத்துறைத் தொழிற்சாலை ஒன்றில் முப்பத்தோரு வருடம் கணக்கெழுதிவிட்டு ஓய்வு பெற்றவன் நான். ஓய்வுக்குப் பிறகு ஒரு சுற்றுலாக் குழுவோடு துருக்கிக்குப் போனேன். நாட்டின் கிழக்குக் கோடியில், பெரிய ஏரிக்கரையில் இருக்கிற வான் நகரத்தில் ஒரு ராத்திரி தங்கினோம். காலை உணவுக்குப் பேர்போன ஊர் என்று வழிகாட்டி சொன்னார். மறுநாள் விடுதியில் நாங்கள் சாப்பிட்டது ரொட்டி, ஜாம், அவித்த முட்டை. எட்டு மணிக்குப் பேருந்து கிளம்பிவிட்டது.

திரும்பி வந்து எழுதிக் கொடுத்ததைப் படித்த இதழாசிரியர், "தகவல் எல்லாம் நல்லாருக்கு, மனுஷங்கதான் இல்ல சார்" என்றார். அவர் சொன்னது உண்மைதான். வீட்டுக்கு வந்து ஒரு மனுஷியை உண்டாக்கினேன். வான் ஏரிப் பக்கம் தனியாக வாழும் ஓர் அம்மா. வயது அறுபதுக்கு மேல். தன் பெயரைப் போடக் கூடாது என்று கேட்டுக்கொண்டவர். அவர் வீட்டு அடுப்படியில் நின்று நான் துருக்கிக் காலை உணவு சமைக்கக் கற்றுக்கொண்டதாக மூன்று பக்கம் எழுதினேன். செய்முறைகளை இணையத்தில் எடுத்தேன். முடிவில் அந்த அம்மாவை இப்படிப் பேசவைத்தேன்: "என் தம்பி மகள் ஒருத்தி உங்கள் நாட்டில் வாழ்க்கைப்பட்டிருக்கிறாள். அவள் தட்டில் வைப்பதாக நினைத்துத்தான் உன் தட்டில் வைக்கிறேன்."

அந்த வரிக்காகவே பதினோரு வாசகர் கடிதங்கள் வந்தன. பன்னிரண்டாவதாக வந்தது ஒரு தொலைபேசி அழைப்பு. சரவணன் என்று ஒருவர். விருதுநகர்ப் பக்கத்துக்காரர், மென்பொருள் வேலை, காட்டுப்பாக்கத்தில் ஃப்ளாட். "சார், என் மனைவி துருக்கிக்காரங்க. அதுவும் வான் ஊரு. உங்க கட்டுரையை நான் வாசிச்சு வாசிச்சு அவளுக்குச் சொன்னேன். ஞாயித்துக்கெழம வீட்டுக்கு வரணும். நீங்க அங்க படிச்ச சமையலைச் சேந்து செய்யலாம்னு ஆசைப்படுறா." அப்போதே சொல்லியிருக்க வேண்டும். "அவசியம் வர்றேன் தம்பி" என்றேன்.

7.10. ஆவடியில் பேருந்து கிடைத்தது. ஜன்னலோரத்தில் உட்கார்ந்து, நான் எழுதிய செய்முறைகளையே நான் மனப்பாடம் செய்தேன். தக்காளியும் பச்சை மிளகாயும் வதங்கிய பிறகு முட்டை உடைத்து ஊற்றுவது மெனெமென். வெண்ணெயில் மாவை வறுத்து முட்டையைக் கிளறுவது முர்துகா. பாரிவாக்கம் சிக்னலில் வண்டி நின்றபோது இறங்கித் திரும்பிப் போய்விடலாமா என்றுகூட யோசித்தேன். எருமைகள் மூன்று சாலையைக் கடந்தன. பச்சை விளக்கு விழுந்துவிட்டது.

பூந்தமல்லியில் ஆட்டோக்காரர் கூப்பிட்டார். "இன்னா சார், காட்டுப்பாக்கமா? குந்து குந்து. இருவது ரூவா." மெட்ரோ தூண்களின் நிழலில் வண்டி ஊர்ந்தது. என் கையிலிருந்த இனிப்புப் பெட்டியைப் பார்த்து, "விசேஷ ஊடா?" என்று கேட்டார்.

"சாப்பிடக் கூப்பிட்டிருக்காங்க."

"அப்ப ஜாலிதான் சார், துன்னுட்டு வா" என்று இறக்கிவிட்டார்.

8.05. இரண்டாவது மாடி. கதவைத் திறந்தது அந்தப் பெண்தான். எலிஃப் என்று பெயர். முப்பது வயதிருக்கும். பருத்திச் சுடிதார், மாவு ஒட்டிய கை. "வாங்கண்ணா, வாங்க. எவ்ளோ நேரமா ரோட்டையே பாத்துகினு கீறேன்!" என்றாள். ஐந்து வருடமாக அக்கம்பக்கத்துப் பெண்களிடமும் காய்கறி வண்டிக்காரரிடமும் கற்ற தமிழ். பின்னால் நின்ற சரவணன் சிரித்தார். "எங்க ஊருத் தமிழைச் சொல்லிக்குடுத்தேன் சார், ஏறவே இல்ல."

அடுப்படி சின்னது. பெரிய பாத்திரத்தில் தண்ணீர் கொதிக்க, அதன் மேலேயே வைத்த சின்னப் பாத்திரத்தில் தேயிலை மெல்ல ஊறிக்கொண்டிருந்தது. பாரிவாக்கத்திலிருந்து வரும் எருமைப்பாலைச் சிறு தீயில் காய்ச்சி, இரண்டு விரல் கனத்துக்கு ஆடை எடுத்து வைத்திருந்தாள். அவர்கள் ஊரில் மலைக் கீரைகள் போட்டுச் செய்யும் பாலாடைக்கட்டி இங்கே கிடைக்காது; பாலைத் திரித்து வெங்காயத்தாளும் உப்பும் பிசைந்து அவளே பண்ணியிருந்தாள். நான் எழுதிய எதிலும் இந்த வாசனை இல்லை.

"முதல்ல எத செய்யலாம்ணா? அங்க உங்களுக்கு எத முதல்ல சொல்லிக்குடுத்தாங்க?"

"முர்துகா" என்றேன்.

அவள் சிரித்தாள். "பத்திரிகையிலயும் அப்பிடித்தான் போட்டுகீது. அச்சுல தப்பு போலன்னு நெனச்சேன். 'மூர்-தூ-ஆ'ண்ணா. எழுதறதுல 'க' மாதிரி ஒண்ணு வரும், வாயில வராது. அவங்க எப்பிடிச் சொன்னாங்க?"

"அப்படித்தான்… நான்தான் மறந்துட்டேன்."

அவள் அதை நம்பினாள். வாணலியில் வெண்ணெயைப் போட்டுவிட்டுக் கரண்டியை என் கையில் கொடுத்தாள். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டாள்: "அவங்க இடது காலு எப்பிடி கீதுண்ணா? இன்னும் இழுத்து நடக்கறாங்களா?"

எனக்குப் புரியவில்லை. சரவணன்தான் விளக்கினார். எலிஃபின் சிறு வயதிலேயே அவள் அம்மா இறந்துபோனார். வளர்த்தது அப்பாவின் அக்கா. வான் ஏரிக்கரையில் தனி வீடு, அறுபத்து நாலு வயது. இந்தக் கல்யாணம் அவருக்குப் பிடிக்கவில்லை. ஐந்து வருடமாக ஒரு பேச்சில்லை. இரண்டு தரம் எலிஃப் கூப்பிட்டுப் பார்த்தாள், எடுக்கவில்லை. அதோடு அவளும் விட்டுவிட்டாள்.

"பேரு போட வேணான்னு சொன்னாங்க இல்ல? அங்கயே எனக்குத் தெரிஞ்சிடுச்சு" என்றாள் எலிஃப். "அத்தை அப்பிடித்தான். தம்பி மகள்னு சொன்னாங்க, பேரு சொல்லல. என் பேரச் சொன்னா அழுதுடுவாங்க, அதான் சொல்லல. கரெக்டாண்ணா?"

வாணலியில் வெண்ணெய் உருகி நுரைத்தது. என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். "ஆமாம்மா, கண் கலங்கினாங்க" என்று சொல்லிவிட்டேன்.

இந்தக் கட்டுரையில் எழுதவே கை கூசும் இடம் இதுதான். பத்திரிகையில் எழுதியபோது யாருடைய முகமும் என் எதிரில் இல்லை. இப்போது ஒரு முகம் இருந்தது, அதைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். அவள் மாவு ஒட்டிய புறங்கையால் கண்ணைத் துடைத்தாள். பிறகு அலமாரியைத் திறந்து ஒரு பொட்டலத்தைக் காட்டினாள். அத்தைக்கு வாங்கிய பட்டுச் சால்வை, மிளகு, ஏலக்காய். "அடுத்த மாசம் பதினாறாம் தேதி டிக்கெட் போட்டாச்சுண்ணா. நீங்க எழுதுனத பாத்து அன்னிக்கே போட்டோம்."

மாவைப் போடச் சொன்னாள். போட்டேன். கிளறச் சொன்னாள். கரண்டி என் கையில் நின்றுவிட்டது. மாவு கருகத் தொடங்கியது.

"கிண்டுங்கண்ணா, அடிப்பிடிக்குது!"

"நான் அந்த வீட்டுக்குப் போகலம்மா" என்றேன்.

"எந்த ஊட்டுக்கு?"

"எந்த வீட்டுக்கும் போகல. விடுதியில ரொட்டியும் ஜாமும் சாப்பிட்டேன். அந்த அம்மா, அவங்க சொன்னது, எல்லாம் நானா எழுதினது. இப்ப கண் கலங்கினாங்கன்னு சொன்னதும் பொய்தான்."

அடுப்பை அணைத்தது சரவணன். அவர் முகம் சிவந்துவிட்டது. "வயசுல பெரியவர்னு பாக்கேன். இல்லாட்டி வேற மாதிரி பேசியிருப்பேன். அவ தெனம் அந்தப் பக்கத்தை எடுத்து வச்சுக்கிட்டு எழுத்துக் கூட்டி வாசிக்கா, தெரியுமா சார்? அதை வச்சுத்தான் தமிழ் எழுத்தே படிச்சா."

கிளம்புகிறேன் என்று சொல்லி வாசல் பக்கம் திரும்பினேன். எலிஃப் கருகிய மாவைக் குப்பையில் கொட்டி, வாணலியைக் கழுவி, துடைத்து, மறுபடி அடுப்பில் வைத்தாள்.

"எங்க போறீங்க சார்?" என்றாள். அண்ணன் போய், சார் வந்துவிட்டது. "தெரிஞ்ச மாதிரி எழுதிட்டீங்க இல்ல? கத்துகினு போங்க."

9.00. கற்றுக்கொண்டேன். நான்கு கரண்டி வெண்ணெய். அது நுரை அடங்கிய பிறகுதான் மாவு. தீயைக் குறைத்து, கை ஓயாமல், பொட்டுக்கடலை நிறம் வரும் வரை வறுக்க வேண்டும். கால் மணி நேரம் ஆகிறது. நான் கட்டுரையில் இரண்டு நிமிடம் என்று எழுதியிருந்தேன். பிறகு அடித்த முட்டையை நூல் மாதிரி ஊற்றிக் கிளறினால் மஞ்சள் மஞ்சளாக உதிர்கிறது. மேலே தேன். ஒவ்வொரு படியையும் அவள் சுருக்கமாகச் சொன்னாள்; திட்டவில்லை. திட்டியிருந்தால் எளிதாக இருந்திருக்கும். வெண்ணெய் தெறித்து மணிக்கட்டில் சுட்டது. நான் கையை உதறியபோது மட்டும் குழாயைத் திறந்துவிட்டாள்.

9.40. மேசையில் சின்னச் சின்னத் தட்டுகளாகப் பதினோரு வகை பரப்பினாள். நானும் சரவணனும் எதிரெதிரே உட்கார்ந்தோம். அவள் உட்காரவில்லை. கைபேசியை எடுத்துக்கொண்டு பால்கனிக்குப் போய்க் கண்ணாடிக் கதவைச் சாத்தினாள்.

"அங்க இப்ப காலையில ஏழேகால் மணி" என்றார் சரவணன். ரொட்டியில் எருமைப்பால் ஆடையைத் தடவி வாயில் வைத்தேன். என் வாழ்நாளில் சாப்பிட்ட மிக நல்ல காலை உணவுகளில் அது ஒன்று. அடுத்த வாய்க்குத்தான் கை நீளவில்லை.

கண்ணாடிக்குப் பின்னால் அவள் போனைக் காதில் வைத்துக் காத்திருந்தாள். உதடு அசைந்தது. ஒரே ஒரு வார்த்தை, பிறகு இன்னொன்று. கையை இறக்கினாள். கீழே போரூர்ச் சாலையில் வண்டிகள் போவதைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு உள்ளே வந்தாள்.

"எடுத்தாங்க" என்றாள். "'ஹலா'ன்னேன். எங்க பாஷையில அத்தைன்னு அர்த்தம். எலிஃப் பேசறேன்னேன். வெச்சுட்டாங்க."

சரவணன் எழுந்தார். "டிக்கெட்டை ரத்து பண்ணிரவா?"

"வேணாம். போலாம். கதவ மூடுனா மூடட்டும். நான் நேர்ல பாக்கணும்." நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். தன் தட்டில் முர்தூஆ கொஞ்சம் வைத்துக்கொண்டு ஒரு வாய் சாப்பிட்டாள். "உப்பு கம்மி" என்று என்னிடம் சொன்னாள்.

10.30க்குக் கிளம்பினேன். செருப்பு மாட்டும்போது மன்னிப்புக் கேட்டேன். மன்னித்ததாக அவள் சொல்லவில்லை. வேறொன்று சொன்னாள்: "மறுபடி எழுதுங்க சார். இந்த ஊட்டப் பத்தி எழுதுங்க. எங்க பேரையே போடுங்க. அத்தை போன வெச்சுட்டாங்கன்னும் எழுதுங்க. அத மாத்தி எழுதாதீங்க."

பூந்தமல்லிக்கு ஆட்டோ ஏறாமல் நடந்தே போனேன். மூன்று கிலோமீட்டர், நல்ல வெயில். ஊர் திரும்பும் வழியில் நான் வழக்கமாக ஆரம்ப வரிகளை யோசிப்பேன். எந்த இடத்தில் வாசகருக்குக் கண் கலங்கும் என்று கணக்குப் போடுவேன். அன்று அப்படி ஒரு வரி தானாகவே வந்தது: போனை வைப்பதற்கு முன்னால் அந்த அத்தை ஒரு கணம் தயங்கியிருப்பார் என்று. அழகான வரி. நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இருந்தேன். அவர் தயங்கினாரா என்று எனக்குத் தெரியாது.