ஹெஸ்டர் அக்கா காதால் அறிந்த கரூ

எங்கள் பக்கம் குளிர் தொடங்குகிற மே மாதம் பிறந்துவிட்டால் ஹெஸ்டர் விஸாகி ஒரு நாளைக்கு இருபது தடவையாவது ஒரே பதிலைச் சொல்லுவார்: "அவங்க கரூவுக்குப் போயாச்சுங்க."

கேப் டவுனிலிருந்து யாரோ ஒரு மருமகன் பண்ணைக்கு ஃபோன் போட்டிருப்பான். மணி அடித்துக்கொண்டே இருக்கும். மேட்டுநிலத்துப் பண்ணை வீடு பூட்டிக் கிடக்கும். பனி இறங்குவதற்கு முன் ஆடுகளை ஓட்டிக்கொண்டு எல்லோரும் கணவாய் வழியே கீழே போயிருப்பார்கள். ஆகஸ்ட் முடிகிறவரை மேட்டில் மிஞ்சுவது எங்கள் ஊரும் தேவாலயமும் தபால் ஆபீஸும்தான். தபால் ஆபீஸில் பலகைத் தடுப்புக்கு இந்தப் பக்கம் நான் தபால் பிரிப்பேன். அந்தப் பக்கம் டெலிபோன் எக்ஸ்சேஞ்ச். காலடியில் மண்ணெண்ணெய் அடுப்பும் காதில் கருவியுமாக ஹெஸ்டர் அக்கா.

பத்தொன்பது வயதில் அந்த நாற்காலியில் உட்கார்ந்தவருக்கு அப்போது நாற்பத்தாறு. ஊரில் பாதிப் பேர் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை. எக்ஸ்சேஞ்சைக் கூப்பிடுகிற சொல்லாலேயே "சென்ட்ரல்" என்பார்கள். பிரியமானவர்கள் "சென்ட்ரல் அக்கா" என்பார்கள். அவர் வாழ்க்கையில் ஒரு நாள்கூடக் கரூவுக்கு இறங்கியதில்லை. எக்ஸ்சேஞ்சை யார் பார்ப்பது? ஆனால் கரூ என்ற சொல்லை அவரளவுக்குக் கையில் வைத்துப் பார்த்தவர்கள் கிடையாது.

எங்களுக்குக் கரூ என்றால் மலைக்குக் கீழே விரிந்து கிடக்கும் வெளி. அதுவே குளிர்காலமும். "போன கரூவில் அவளுக்குப் பல் முளைத்தது" என்றால் போன குளிரில் என்று அர்த்தம். கேப் டவுன்காரர்களுக்கு முதல் மலைத்தொடரைத் தாண்டி வண்டியில் தூசி ஏறினால் எல்லாமே கரூ. ரயில்காரர்களுக்கு அது இரண்டு ஸ்டேஷன்களுக்கு நடுவே தேநீர் கிடைக்காத ஆறு மணி நேரம். பள்ளிக்கூட வரைபடத்தில் எங்கள் மேட்டுநிலமே கரூவுக்குள்தான் கிடக்கிறது. ஊரில் இதைச் சொன்னால் சிரிப்பார்கள். கீழேயே பிறந்து வளர்ந்தவர்களைக் கேட்டால், "கரூவா? அது இன்னும் கொஞ்சம் தள்ளிப் போகணும்" என்று கையை நீட்டுவார்கள்.

ஹெஸ்டர் அக்கா யாரையும் திருத்தியதில்லை. "எந்த வீட்டுக் கரூ?" என்று மட்டும் கேட்பார். பதில் வருவதற்குள் கம்பியை எந்தத் துளையில் செருகுவது என்று அவர் விரல் முடிவு செய்திருக்கும்.

கணவாயைத் தாண்டிக் கீழே ஒரே ஒரு லைன். அதில் ஏழு பண்ணைகள். ஒரு வீட்டுக்கு அடித்தால் ஏழு வீட்டிலும் கேட்கும். இரண்டு நீளம் ஒரு குட்டை என்றால் கணவாயடி, மூன்று குட்டை என்றால் முள்ளாறு. அவரவர் மணிக்கு அவரவர் எடுக்க வேண்டும் என்பது சட்டம். ஏழு பேரும் எடுப்பார்கள் என்பது வழக்கம்.

ஆடு இறங்கும் வாரங்களில் இன்னொரு வழக்கமும் உண்டு. ஒரு மந்தை தன் பண்ணையைக் கடந்ததும் அந்த வீட்டுப் பெண் சென்ட்ரலுக்குச் சொல்லுவாள், சென்ட்ரல் அடுத்த பண்ணைக்குச் சொல்லும். அவர்கள் தங்கள் ஆடுகளை அடைத்து நாயைக் கட்டிவைப்பார்கள். இல்லாவிட்டால் இரண்டு மந்தையும் கலந்து, பிரிப்பதற்குள் நட்பு போய்விடும். ஹெஸ்டர் அக்கா எதையும் எழுதிவைக்க மாட்டார். எந்த மந்தை எந்த வாசலில் என்பது அவர் தலைக்குள் நடந்துகொண்டிருக்கும்.

அறுபத்து நாலாம் வருஷம், மே மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை. காலை பத்து மணி இருக்கும். ஆடுகளை முன்னே அனுப்பிவிட்டுப் பின்தங்கியிருந்த புறாவூற்றுப் பண்ணை முதலாளி பாரென்ட் ஸ்டாட்லர் கையில் ஒரு பழுப்புக் கவரோடு உள்ளே வந்தார். எட்டு நாளாக அவர் பெட்டியில் கிடந்து, அன்று காலை நான்தான் எடுத்துக் கொடுத்த கவர். வாசலில் நின்றே பிரித்திருக்கிறார். அவருக்குப் பின்னாலேயே, தெருவில் மறித்து அவர் கூட்டிவந்த டாக்டர் லீபென்பெர்க். கேப் டவுனிலிருந்து வந்து மூன்று மாதம்தான் ஆகிறது. வெளியே அவருடைய ஜீப் அணைக்கப்படாமல் உறுமிக்கொண்டிருந்தது.

கடிதம் மாவட்ட ஆஸ்பத்திரியிலிருந்து. ஸ்டாட்லரின் மேய்ப்பர் அப்போல்ஸ் காஸ்பரின் மனைவி லெனாவைப் பற்றியது. நிறைமாதம். ரத்த அழுத்தம் பயப்படும் அளவில் இருக்கிறது, கால் வீங்கியிருக்கிறது, எந்தக் காரணத்துக்காகவும் இவள் வெளியூர் போகக் கூடாது, வெட்டவெளியில் பிரசவமானால் வலிப்பு வந்து தாயும் பிழைக்க மாட்டாள், பிள்ளையும் பிழைக்காது என்று எழுதியிருந்தது.

"எங்கே இருக்காங்க அந்தம்மா?" டாக்டர் கேட்டார்.

"கரூவிலே," என்றார் ஸ்டாட்லர்.

"சார், நாட்டில் மூணில ஒரு பங்கு கரூதான்."

"எங்க கரூ, டாக்டர். குளிருக்கு நாங்க தங்கற கீழ்வீடு. நேத்துக் காலையிலேயே எங்க மந்தை முள்ளாறு தாண்டிடுச்சுன்னு சேதி வந்தது. இந்நேரம் கீழ்வீட்டுல அடுப்பு மூட்டியிருப்பாங்க. நீங்க மேற்குப் பாதையில சுத்திப் போனா அஞ்சு மணி நேரம்."

ஆட்டுப்பாதையில் ஜீப் முள்ளாறு வரைதான் போகும். கீழ்வீட்டுக்கு மேற்கே சுற்றித்தான் போக வேண்டும். ஒரு பாதையில் இறங்கிவிட்டால் மற்றதற்கு வர அன்று முழுக்கப் போய்விடும். டாக்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு கதவுப் பக்கம் திரும்பினார்.

தடுப்புக்கு அந்தப் பக்கத்திலிருந்து குரல் வந்தது. "மேற்கே போகாதீங்க."

ஹெஸ்டர் அக்கா காதுக் கருவியைக் கழுத்தில் இறக்கிவிட்டு தடுப்பின் சிறு ஜன்னல் வழியே பார்த்தார்.

"நேத்து முள்ளாறு தாண்டினது உங்க கிடாய்ங்க மட்டும், பாரென்ட் மாமா. பெட்டை இன்னும் வரல."

"முள்ளாற்று டாலீனா எங்க மந்தைன்னுதானே சொன்னா?"

"சொன்னா. எப்பவும் போல ரிசீவரை ஜன்னலுக்கு வெளியே நீட்டிக் காட்டினா. குளம்புச் சத்தமும் ஒருத்தன் சீட்டியும் கேட்டுச்சு. ஒரு குட்டிகூடக் கத்தல. உங்க பெட்டைங்க ஈன்று மூணு வாரம்தான் ஆகுது. நானூறு குட்டி சும்மா வாயை மூடிக்கிட்டுப் போகுமா? வண்டியும் பெண்டுபிள்ளைகளும் யார்கூடப் போவாங்க? பெட்டைகூட."

ஸ்டாட்லர் தொப்பியைக் கழற்றி, திரும்பப் போட்டுக்கொண்டார். கிடாய்கள் வெள்ளிக்கிழமையும் பெட்டைகள் சனிக்கிழமையும் கிளம்பியது அவருக்குத்தான் முதலில் தெரியும். ஆனால் ஆடு போய்விட்டால் "ஸ்டாட்லர்கள் கரூவுக்குப் போயாச்சு" என்று ஊரே சொல்லும். யார் நடந்து போகிறார்கள் என்பதற்கு அந்த வாக்கியத்துக்குள் இடமில்லை. அவரும் அப்படியே நினைத்துவிட்டார்.

"அப்போ எங்கதான் இருக்காங்க?" டாக்டர் கேட்டார். குரலில் கேலி போயிருந்தது.

"தெரியல. கேட்கணும்."

ஹெஸ்டர் அக்கா திரும்பி உட்கார்ந்து பொதுமணியை அடிக்க ஆரம்பித்தார். நிறுத்தாமல் ஒரே நீளமாக அடிக்கிற மணி அது. தீ விபத்துக்கு மட்டும் என்று சுவரில் அச்சடித்து ஒட்டியிருந்தது. நான் வேலைக்குச் சேர்ந்த பிறகு கேட்டதே இல்லை. உள்ளறையிலிருந்து போஸ்ட்மாஸ்டர் எழுந்து வந்தார்.

"எங்கே தீ?"

"தீ இல்ல, சார். மேய்ப்பர் அப்போல்ஸோட சம்சாரம்."

"ஹெஸ்டர், ஒரு வேலைக்காரிக்காகவா—"

"மேலே எழுதிப் போடுங்க, சார். இப்போ லைன்ல ஆள் இருக்காங்க."

ஏழு ரிசீவர்கள் ஒவ்வொன்றாக எடுபடும் சத்தம், அவர் கழுத்தில் கிடந்த கருவியிலிருந்து தடுப்பைத் தாண்டி எனக்கும் கேட்டது. யாரோ "எங்கே எரியுது?" என்றாள்.

"எதுவும் எரியல. எரிஞ்சா எப்படி ஓடுவீங்களோ அப்படிக் கேளுங்க," என்றார் ஹெஸ்டர் அக்கா. நாலே வாக்கியத்தில் விஷயத்தைச் சொன்னார். "எல்ஸாபே, கணவாயடியில ஸ்டாட்லர் பெட்டை கடந்துச்சா?"

எல்ஸாபேயின் குரல் சின்னதாக வந்தது.

"நேத்து மத்தியானம் கடந்துச்சு, அக்கா. ரொட்டி அடுப்புல இருந்தது. ஞாயித்துக்கிழமை ஒரு தடவை ஸ்டாட்லர்னு சொல்லியாச்சே, அதே கணக்குன்னு விட்டுட்டேன்."

"லெனா நடந்தாளா, வண்டியிலயா?"

"வண்டியில. கண்ணு மேல கையை வெச்சுக்கிட்டு வந்தா. தலைவலின்னா. காபி கொடுத்தேன்."

டாக்டர் தடுப்பைப் பிடித்துக்கொண்டார். "தலைவலியா? வலிப்புக்கு முன்னாடி அதுதான் வரும்," என்றார், யாரையும் பார்க்காமல்.

"ஆத்துக்கு மேல்வழியா போனாங்க, கீழ்வழியா?"

"ரொட்டியைப் பார்க்க உள்ளே போயிட்டேன், அக்கா."

"உன் ரொட்டிக்கு ஒரு மெடல் கொடுக்கணும்டி," என்று முள்ளாற்று டாலீனா இடையில் புகுந்தாள். "சென்ட்ரல், இங்க இன்னும் ஒரு குட்டி தலைகூடத் தெரியல."

கணவாயடிக்கும் முள்ளாற்றுக்கும் நடுவே ஆறு இரண்டாகப் பிரிந்து ஓடுகிறது; ஒன்றின் கரை மேல்வழி, மற்றதன் கரை கீழ்வழி. இரண்டு கிளைக்கும் நடுவே ஒரு நாள் நடை. அப்போது லைனில் ஒரு கனைப்பு கேட்டது. கூஸ் தெரோன். கல்யாணமாகாத மனிதர், ஆற்று மேட்டில் தனியாக இருக்கிறார். ஒட்டுக்கேட்கிறார் என்று எல்லோருக்கும் தெரிந்தாலும் ஒரு நாளும் வாய் திறந்ததில்லை.

"என் காற்றாலை மேலே ஏறினா ரெண்டு வழியும் தெரியும்," என்றார். "வைக்காதீங்க."

"இந்த வயசுல ஏறுவியா, கூஸ்?"

"ஒட்டுக்கேட்டதுக்கு அபராதம்னு வெச்சுக்கோங்க."

பதினோரு நிமிடம். யாரும் ரிசீவரை வைக்கவில்லை. யாரோ வீட்டுக் கடிகாரம், யாரோ வீட்டுக் கெண்டி, ஏழு சமையலறைகளின் மூச்சு, எல்லாம் ஒரே கம்பியில் வந்துகொண்டிருந்தன. ஹெஸ்டர் அக்கா கண்ணை மூடியிருந்தார். பார்த்தேயிராத ஒரு வெளியை அவர் அப்போது எப்படிப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று இன்றுவரை யோசிக்கிறேன். போஸ்ட்மாஸ்டரும் நின்ற இடத்திலேயே நின்றார்.

கூஸ் திரும்பி வந்தபோது வார்த்தைக்கு முன் இரைப்புதான் வந்தது.

"மேல்வழி. ரெண்டாவது வளைவு. முள்மரத்தடியில வெள்ளைப் படுதா. கழுதையை அவிழ்த்து விட்டிருக்காங்க."

"பகல் பதினொண்ணுக்கா?" என்றாள் டாலீனா.

பிரசவ வலி கண்டால் ஒழியப் பகலில் யாரும் வண்டியை அவிழ்க்க மாட்டார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று ஏழு பேருக்கும் தெரியும். டாக்டருக்கு மட்டும் சொல்ல வேண்டியிருந்தது. சொல்லி முடிப்பதற்குள் அவர் ஜீப்பில் இருந்தார். ஸ்டாட்லர் வழிகாட்டப் பின்னால் ஓடினார். ஹெஸ்டர் அக்கா எல்ஸாபேயிடம் கணவாயடிக் கதவுகளைத் திறந்துவைக்கச் சொன்னார். கூஸிடம் ஒரு சட்டையைக் கம்பத்தில் கட்டி ஆற்றங்கரையில் நிற்கச் சொன்னார். பிறகு காபியில் ரஸ்க்கைத் தோய்த்தார். அது ஊறி உடைந்து உள்ளே விழுந்தது. அதைக் கரண்டியால் எடுத்துச் சாப்பிட்டார்.

நாலு மணிக்கு எல்ஸாபே கூப்பிட்டாள். டாக்டர் போனபோது லெனாவுக்கு ஒரு தடவை வலிப்பு வந்து நின்றிருந்தது. அப்போல்ஸ் அவள் பற்களுக்கு நடுவே சாட்டைப்பிடியை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். ஊசி போட்டு ஜீப்பில் ஏற்றி வரும் வழியில், கணவாயடிக் கதவுக்கு நூறு அடி கீழே, பெண் குழந்தை. இருவருக்கும் உயிர் இருக்கிறது.

"ஆஸ்பத்திரிக்குப் போயாச்சா?" என்று கேட்டார் ஹெஸ்டர் அக்கா.

"இப்பத்தான் இந்தப் பக்கம் கடந்தாங்க. இந்தத் தடவை மறக்காமச் சொல்லிட்டேன், அக்கா."

ஆஸ்பத்திரியில் வெள்ளையர் அல்லாத லெனாவின் இனத்தாருக்குப் பின்வாசல்தான். அந்தப் பின்வாசலில் ஏற்கெனவே ஒரு நர்ஸ் தள்ளுபடுக்கையோடு நின்றிருந்தாள். யார் சொல்லி என்று டாக்டர் கேட்டாராம். "சென்ட்ரல்," என்றாளாம்.

போஸ்ட்மாஸ்டர் மேலே எழுதத்தான் செய்தார். நானே முத்திரை குத்தி அனுப்பிய கடிதம் அது. "பொதுமணி அடிக்கப்பட்டது, தேவை இருந்தது" என்ற இரண்டே வரிகள்.

மூன்று வாரம் கழித்துக் கோர்ட் குமாஸ்தா எக்ஸ்சேஞ்சைக் கூப்பிட்டார். பிறப்புப் பதிவு. பிறந்த இடத்தில் என்ன எழுதுவது என்று அவருக்குப் புரியவில்லை. டாக்டர் 'சாலையில்' என்கிறார். ஸ்டாட்லர் தன் மேட்டுப் பண்ணைப் பெயரைச் சொல்கிறார். எதிரே நிற்கிற தாயோ பிடிவாதமாகக் கரூ என்கிறாள்.

"ஜீப் மேலேறி வந்துக்கிட்டு இருந்ததாமே, ஹெஸ்டர். நியாயமாப் பார்த்தா மேட்டுக்குத்தானே சேரும்?"

"அவகிட்ட ஃபோனைக் கொடுங்க," என்றார் ஹெஸ்டர் அக்கா.

ஜன்னலருகே குனிந்து நின்று, லெனாவின் குரலை நான் அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். அவசரமில்லாத குரல்.

"நாங்க கரூவுக்குன்னு வீட்டைப் பூட்டிட்டுக் கிளம்பினோம், சென்ட்ரலம்மா. திரும்பிப் போய் அந்தக் கதவைத் திறக்கற வரைக்கும் நாங்க கரூவிலதான் இருக்கோம். ஜீப் எந்தப் பக்கம் பார்த்துச்சுன்னா என்ன?"

"அப்படியே எழுதுங்க," என்றார் ஹெஸ்டர் அக்கா குமாஸ்தாவிடம்.

எழுதும் சத்தம் கேட்டது. பெயர் என்ன என்று குமாஸ்தா கேட்டார். ஹெஸ்டர் அக்கா கம்பியை உருவப் போனவர், உருவாமல் காத்திருந்தார்.

"உங்க பேரைத்தான் வைக்கணும்னு எங்க வீட்டுக்காரருக்கு ஆசை," என்றாள் லெனா. "ஆனா முதல் பொண்ணுக்கு எங்கம்மா பேருதான். அதை மாத்தினா எங்கம்மா என்னைச் சும்மா விட மாட்டாங்க. ரோசீனான்னு சொல்லிட்டேன்."

"நல்ல பேரு," என்றார் ஹெஸ்டர் அக்கா. "லைன்ல தெளிவா விழும்."