பன்னிரண்டாம் இலக்கச் சேட்

முதலில் நான் நம்பிய மடத்தனத்தைச் சொல்லிவிடுகிறேன். பாரிஸ் நகரத்துக்கு வெளியே ஏதோ ஒரு காட்டில் இரகசியப் படையொன்று பயிற்சி எடுக்கிறது என்றும், அந்தப் படையின் உடுப்பைத் தோய்த்துக் கொடுப்பவன் நான்தான் என்றும் ஏறக்குறைய இரண்டு கிழமை நம்பியிருந்தேன். சிரிக்கிறவர்கள் சிரித்து முடியுங்கள். நானும் பிறகு சிரித்தவன்தான்.

எண்பத்தாறாம் ஆண்டு, குளிர் விட்டுப்போன நேரம். ஒபர்வில்லியேயில் ஒரு சலவைத் தொழிற்சாலையில் எனக்கு வேலை. ஊரில் பதினாறு வருடம் பஸ் கொண்டக்டராக இருந்தவன், இங்கே ஹோட்டல் படுக்கைவிரிப்புகளுக்கும் சமையற்காரரின் வெள்ளை அங்கிகளுக்கும் கொண்டக்டரானேன். யார் முதலில் ஏறுவது, யார் எங்கே இறங்குவது எல்லாம் என் கையில். திங்கட்கிழமை காலையில் வருகிற மூட்டைகளில் ஒன்று மட்டும் வேறு சாதி. பச்சை நிறக் கன்வஸ் பை. உள்ளே ஒரே மாதிரியான பதினைந்து சேட், பதினைந்து காற்சட்டை. சேட்டின் நெஞ்சில் ஒற்றைக்காலில் நிற்கும் ஒரு கொக்கு, முதுகில் இலக்கம். பெயர் கிடையாது. பெயரை மறைத்து இலக்கத்தைக் காட்டுகிற கூட்டம் என்றால் எங்கள் ஊர் ஆளுக்கு நினைப்பு எங்கே போகும்? அதுகூடப் பரவாயில்லை. அழுக்கு இருந்த இடங்கள்தான் என்னை உலுப்பின. முழங்கால், முழங்கை, வயிறு. மூன்று இடத்திலும் மண் தேய்ந்து நூலுக்குள் இறங்கியிருந்தது. நடக்கிறவனுக்கு வயிற்றில் மண் படாது. ஊர்ந்து போகிறவனுக்குத்தான் படும்.

என்னோடு அதே இயந்திரத்தில் நின்றவர் சூசை அண்ணை. மன்னார்க்காரர், என்னைவிட எட்டு வயது மூத்தவர், லா சப்பலில் எங்கள் அறையிலும் எனக்கு மேற்கட்டில். அந்த அறையில் ஏழு பேர் இருந்தோம். வேலை நேரங்கள் வேறுவேறு என்பதால் ஒருவரை ஒருவர் விழித்த நிலையில் பார்ப்பதே அபூர்வம். ஏழு பேர் இருக்கிற அறையில் தனியாக இருப்பது எப்படி என்று யாராவது படிக்க விரும்பினால் நான் வகுப்பெடுக்கத் தயார். சூசை அண்ணையிடம்தான் என் கண்டுபிடிப்பை முதலில் சொன்னேன்.

"அண்ணை, இது ஆமி உடுப்பு."

"கொக்குப் போட்ட ஆமியோ?"

"பகிடி விடாதையுங்கோ. வயித்தைப் பாருங்கோ."

"என்ரை வயித்தையோ, சேட்டின்ரை வயித்தையோ?"

அடுத்த திங்கள் மூன்றாம் இலக்கச் சேட்டின் கையில் இரத்தம். பையைக் கொண்டுவருகிறவர் ஓர் அமெரிக்கர். ஆறரை அடி உயரம், வெயிலில் சிவந்த கழுத்து, கழுத்தில் ஒரு விசில். அவருடைய பிரெஞ்சு என்னுடையதை விட மோசம். அந்த ஒரு காரணத்துக்காகவே எனக்கு அவரைப் பிடிக்கும். இரத்தத்தைக் காட்டி, "சொல்தா?" என்று கேட்டேன். சிப்பாய்களோ என்று அர்த்தம். அவர் வாயெல்லாம் பல்லாக என் தோளில் அறைந்தார். "வீ, வீ! மே சொல்தா!" என் சிப்பாய்கள்! பிறகு குரலைத் தாழ்த்தி, "திமோன்ஷ், லா கேர்." ஞாயிற்றுக்கிழமை யுத்தம். அவர் போனதும் நான் கொதிநீராவிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன். பொலிஸ் வந்தால் சண்டை பிடித்தவனை விட்டுவிடுவான், தோய்த்தவனைத்தான் பிடிப்பான். தோய்த்தவனிடம்தானே வதிவிடக் கார்ட் இல்லை. என்னிடம் இருந்தது மூன்று மாதத்துக்கொரு முறை புதுப்பிக்கிற ஒரு தாள் மட்டும். அந்தக் கிழமை முழுக்க மெத்ரோவில் ஏறாமல், தொப்பியைக் கண் வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டு நடந்தே அறைக்குப் போனேன். வெயில் அடித்தது. தொப்பி போட்டவன் நான் ஒருவன்தான். ஒளிக்க வெளிக்கிட்டவனை ஊரே பார்த்தது.

மர்மம் உடைந்தது மூன்றாவது திங்கள். பையைக் கவிழ்த்தேன். காற்சட்டைப் பையிலிருந்து வெள்ளையாக, உருண்டையாக, ஒரு கைப்பிடி அளவில் ஒன்று விழுந்து சீமெந்துத் தரையில் என்னை நோக்கி உருண்டு வந்தது. நான் என்ன செய்தேன் என்பதை எழுத வெட்கமாக இருக்கிறது. "படுங்கோ!" என்று கத்திக்கொண்டு குப்புற விழுந்தேன். தலைக்கு மேலே கைகள். ஊரில் பழகியது. சூசை அண்ணை குனிந்து அதை எடுத்தார்.

"எழும்பும் கொண்டக்டர். வெடிக்காது. பந்து."

சிவப்பு நூலால் தைத்த வெள்ளைத் தோல் பந்து. கிரிக்கெட் பந்தை யாரோ நிறம் மாற்றித் தைத்ததுபோல் இருந்தது. சத்தம் கேட்டு மேற்பார்வை செய்கிற மதாம் ஓடிவந்தாள். என் வேலையுடுப்பைப் பார்த்தாள். முழங்கை, முழங்கால், வயிறு மூன்றிலும் சவர்க்காரத் தண்ணீரும் தரை அழுக்கும். அவள் விளக்கிச் சொன்னாள்: அது ஒரு பல்கலைக்கழக மாணவர்களின் அணி, அமெரிக்கர் பயிற்றுநர், விளையாட்டின் பெயர் பேஸ்போல். தடியால் பந்தை அடித்துவிட்டு மூலைகளைச் சுற்றி ஓடுவது. எங்கள் நாட்டு எல்லே விளையாட்டுக்கு ஒன்றுவிட்ட சகோதரம். அன்றைக்கு முழுநாளும் சூசை அண்ணை என்னைக் கடந்து போகும்போதெல்லாம் கையைத் தலைக்கு மேலே வைத்துக் குனிந்து போனார். நானும் சேர்ந்து சிரித்தேன்.

அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் மனைவியின் கடிதம் வந்தது. ஊர்ப் புதினமெல்லாம் எழுதிக் கடைசியில் இப்படி எழுதியிருந்தாள்: "சுதன் இப்ப பின்னேரங்களிலை பந்தடிக்கப் போறான். பொழுதுபட்டுத்தான் வாறான். சேட்டிலை வயித்துப் பக்கமும் முழங்கையும் ஒரே செம்மண். எவ்வளவு தோய்ச்சும் போகுதில்லை. நீங்கள் அங்கை தோய்க்கிற ஆள்தானே, என்ன செய்யலாம் எண்டு எழுதுங்கோ." சுதன் எங்கள் ஒரே பிள்ளை. அப்போது அவனுக்குப் பதினேழு. நான் வரும்போது என் தோள் வரைக்கும் நின்றான்.

வெட்கத்தோடு சொல்கிறேன், எனக்குப் பெருமையாக இருந்தது. கலியாணம் முடித்து இருபது வருடத்தில் அவள் என்னிடம் தொழில்முறை ஆலோசனை கேட்பது இதுவே முதல் தடவை. இரண்டு பக்கம் எழுதினேன். மண்ணை ஈரத்தோடு தேய்க்காதே, காயவிட்டுத் தட்டு, பச்சைத்தண்ணியில் ஊறப்போடு, சுடுதண்ணி காட்டினால் கறை நூலைக் கட்டிப்பிடிக்கும். கடைசியில் பகிடியாக, பிரான்சின் பெரிய சலவை நிபுணர் என்று கையெழுத்து வைத்தேன். கடிதத்தைப் பெட்டியில் போட்டுவிட்டு ரூ பஜோல் வழியாகத் திரும்பி நடக்கும்போதுதான் கால் நின்றது. வயிறும் முழங்கையும். எங்கள் வீட்டுக்குப் போகிற கடிதத்தையும் அங்கிருந்து வருகிற கடிதத்தையும் யார் யாரோ பிரித்துப் படிக்கிற காலம் அது. நேரே எழுதக்கூடிய விஷயங்கள் குறைவு. அவள் கேட்டது சவர்க்காரத்தைப் பற்றித்தானா? எங்கள் ஊரில் பெடியள் ஒருநாள் சைக்கிளில் வெளிக்கிட்டுப் போவார்கள். திரும்பி வருவது இயக்கத்தில் சேர்ந்துவிட்டார்கள் என்ற செய்தியாக இருக்கும். பந்தடிக்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனவர்கள் நிறையப் பேர்.

அந்த நாளிலிருந்து எனக்கு ஒரு கேள்விதான். விளையாடினால் வயிற்றில் மண் படுமா? படும் என்றால் என் மகன் பொய் சொல்லவில்லை. யோசித்துப் பார்த்தேன். எங்கள் ஊர்க் கிரிக்கெட்டில் படாது. உதைபந்தாட்டத்தில் மாரியென்றால் தொடையில் படும். எல்லேயில் யாரும் விழுவதில்லை. மிச்சம் இருந்தது என் கொக்குப் படை. அவர்களுடைய வயிற்றில் மண் எப்படி வருகிறது என்று தெரிந்தால் போதும். அமெரிக்கரிடம் கேட்க முடிவெடுத்தேன். சேட்டைத் தூக்கி, வயிற்றைத் தொட்டுக் காட்டி, முகத்தில் கேள்வியை வைத்து, "கொமோன்?" எப்படி? என்று கேட்டேன். அவர் மிகுந்த இரக்கத்தோடு தலையாட்டினார். அடுத்த திங்கள் எனக்கு வயிற்றுவலி மாத்திரைப் பெட்டி ஒன்று கொண்டுவந்து தந்தார்.

வேறு வழியில்லாமல் அவர்களுடைய பருவத்தை நான் துணியில் படித்தேன். ஏழாம் இலக்கம் ஒவ்வொரு கிழமையும் வயிறு முழுக்க மண்; பெரிய ஓட்டக்காரனாக இருக்க வேண்டும். மூன்றாம் இலக்கம் முழங்கையைக் கிழித்துக்கொள்கிறவன். பன்னிரண்டாம் இலக்கச் சேட் மட்டும் நாங்கள் மடித்து அனுப்பிய மடிப்போடு திரும்பி வரும். யாரும் கூப்பிடாத பிள்ளை. மைதான ஓரத்து நீட்டு வாங்கில் இருந்துவிட்டு வீட்டுக்குப் போகிறவன். ஏனோ தெரியாது, அந்தச் சேட்டை மட்டும் நான் கையால் தடவி மடிப்பேன். அதுதான் சுதனுடையது என்று மனதில் வைத்துக்கொண்டேன். சுத்தமாக இரு ராசா, வாங்கிலேயே இரு.

வைகாசி முடிவோடு அவர்களுடைய வழமையான ஆட்டங்கள் முடிந்தன. அதற்குப் பிறகு முதல் எட்டு இடத்துக்குள் வந்த அணிகளுக்கு மட்டும் ஆட்டம். தோற்றவன் வீட்டுக்குப் போகவேண்டும். கொக்குகள் எட்டாம் இடத்தில் தொற்றிக்கொண்டார்கள் என்று மதாம் சொன்னாள். இனிமேல் அமெரிக்கர் பையை உயர்த்திக் காட்டினால் வென்றுவிட்டார்கள், காட்டாவிட்டால் தோற்றுவிட்டார்கள், அவ்வளவுதான் எனக்குச் செய்தி. திங்கள் காலை ஏழு மணிக்கு நான் வாசலில் நிற்பேன். அமெரிக்கர் தூரத்திலிருந்தே பையை உயர்த்திக் காட்டி, "ஒன்கோர்!" என்று கத்துவார். இன்னும் இருக்கிறது! அரையிறுதிக்குப் பிறகும் பை உயர்ந்தது. ஊரிலிருந்து கடிதம் வரவில்லை. லா சப்பலில் தபால்பெட்டியைத் திறந்து பார்ப்பேன், ஏழு பேரின் பெயர் ஒட்டிய பெட்டி. மற்ற ஆறு பேருக்கும் வரும்.

இறுதி ஆட்டம் வன்சேன் காட்டு மைதானத்தில், ஒரு ஞாயிறு பின்னேரம். பூசை முடித்துவிட்டுச் சூசை அண்ணையும் வந்தார். பார்வையாளர் என்று பார்த்தால் முப்பது நாற்பது தாய் தகப்பன்மார், இரண்டு நாய், நாங்கள் இருவர். தோய்த்து மடித்து மட்டுமே பார்த்த உடுப்புகள் கை கால் முளைத்து நடமாடின. ஏழு கட்டையானவன். மூன்றுக்குச் சிவப்புத் தலைமயிர். பன்னிரண்டு, நான் நினைத்த மாதிரியே, வாங்கின் கடைசியில், கண்ணாடி போட்ட ஒல்லிப் பெடியன். ஆனால் ஆட்டம்? இரண்டு மணித்தியாலம் ஒருவனும் விழவில்லை. எறிகிறான், காற்றில் அடிக்கிறான், துப்புகிறான்.

"எப்ப முடியும்?" என்றார் சூசை அண்ணை.

"தெரியாது அண்ணை. முடிய விருப்பமில்லாத மாதிரி இருக்குது."

"ஏன் முகம் இப்பிடிக் கறுத்துக்கிடக்கு? பந்தயத்திலை காசு கட்டினனீரோ?"

கடைசிச் சுற்று. கொக்குகள் ஒரு ஓட்டம் பின்னால். இரண்டு பேர் ஏற்கெனவே வெளியே. ஏழாம் இலக்கக்காரன் அடித்துவிட்டு இரண்டாம் மூலை வரை ஓடியவன் காலைப் பிடித்துக்கொண்டு இருந்துவிட்டான். அமெரிக்கர் வாங்கைப் பார்த்தார். பன்னிரண்டு எழுந்தான். அவனுக்குப் பதிலாக ஓட இவன். மடிப்புக் கலையாத சேட். அடுத்தவன் அடித்த பந்து தூரத்தில் விழ, பன்னிரண்டு ஓடத் தொடங்கினான். மூன்றாம் மூலையைச் சுற்றினான். பந்து பின்னால் வருகிறது. கடைசி மூலைக்கு மூன்று ஆள் நீளம் இருக்கும்போது இரண்டு கையையும் முன்னே நீட்டி, தலை முதலாகப் பாய்ந்து, சிவந்த புழுதிக்குள் வயிற்றால் வழுக்கிக்கொண்டு போனான். நடுவர் மடக்கிய கையை உயர்த்தினார்: மூன்றாவது ஆளும் வெளியே. மைதானம் செத்தது.

நான் வாங்கின் மேல் ஏறி நின்று கத்திக்கொண்டிருந்தேன். "பட்டிட்டுது! வயித்திலை பட்டிட்டுது! முழங்கையிலையும் பட்டிட்டுது அண்ணை!"

"இரும் ஐசே! தோத்துப் போட்டாங்கள்!"

முன்வரிசையில் இருந்த ஒரு பெண் திரும்பினாள். கண் நிறைந்திருந்தது, அந்தப் பெடியனின் தாயாக இருக்கலாம். "மொசியோ," என்று மெதுவாகச் சொன்னாள், "நாங்கள் தோற்றுவிட்டோம்." "மெர்சி மதாம், மெர்சி," என்று நன்றி சொல்லி நான் அவளுடைய இரண்டு கையையும் பிடித்துக் குலுக்கினேன். அந்தக் காட்டில் அன்றைக்குச் சந்தோஷமாக இருந்தவன் நான் ஒருவன்தான். வென்றவர்கள்கூட என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்கள்.

மெத்ரோவில் மனைவியின் கடிதத்தைச் சூசை அண்ணையிடம் கொடுத்தேன், அவர் வாசித்து மடித்துத் தந்தார். பிறகு, "அந்தப் பெடியன்ரை சேட்டிலை மண் பட்டது எத்தினை தரம் கொண்டக்டர்? இந்த முழு வருசத்திலையும் ஒருக்கா," என்று தொடங்கினார். அடுத்து என்ன சொல்லப்போகிறார் என்று எனக்குத் தெரிந்தது. நான் இரவுச் சமையலைப் பற்றிக் கதைத்தேன். பருப்பு இருக்கிறதா என்று இரண்டு தரம் கேட்டேன்.

திங்கள் கடைசிப் பை வந்தது. பன்னிரண்டாம் இலக்கத்தை இயந்திரத்துக்குள் போட மனம் வரவில்லை. காயவிட்டு, தட்டி, பச்சைத்தண்ணியில் ஊறவைத்துக் கையால் தோய்த்தேன். தண்ணீர் சிவந்து ஓடியது. ஒபர்வில்லியே சாக்கடை அந்த ஒரு நிமிடத்துக்கு எங்கள் கிணற்றடி வாய்க்கால் போல இருந்தது. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் மடிக்கும் மேசையில் இருந்தபடியே மனைவிக்கு எழுதினேன்: "பயப்படாதை. விளையாடினாலும் வயித்திலை மண் படும். என்ரை கண்ணாலை பார்த்திட்டன். பிள்ளையைப் பேசாதை."

ஒன்பது நாள் கழித்து அவளுடைய கடிதம் வந்தது. என்னுடையது அப்போது எந்த வானத்தில் இருந்ததோ தெரியாது. சுதன் போனது ஒரு வியாழக்கிழமை. நான் வன்சேன் காட்டில் வாங்கின் மேல் நின்று கத்திய ஞாயிற்றுக்குப் பதினேழு நாள் முந்தி. சைக்கிளைச் சந்திக் கடையில் விட்டிருந்தான். சேட்டைக் கொடியில் விட்டிருந்தான். அவன் போன பிறகு வீடு முழுக்கத் தேடினாளாம். பந்து ஒன்றும் இருக்கவில்லை.