கமடோர் கேட்டு வாங்கிய பழி

மட்டாஞ்சேரி ஜெட்டியில் எர்ணாகுளம் படகுக்காக வரிசையில் நின்றுகொண்டிருந்தபோது செய்தி வந்தது. ஓய்வுபெற்ற கடற்படை அதிகாரி கமடோர் பரமேசுவரனுக்கு, அவர் வாசல் பெயர்ப்பலகையைத் துலக்கப் பித்தளை பாலிஷ் வாங்கப் போய்க்கொண்டிருந்தேன். முந்தின நாள் நான் வாங்கிக்கொடுத்த டப்பா சரியில்லை என்று திருப்பி அனுப்பியிருந்தார். எங்கள் தெரு நாராயணன் சேட்டன் சைக்கிளில் மூச்சிரைக்க வந்து, "ஸ்வாமி, திரிச்சு வாங்கோ. கமடோர் சார் மரிச்சு போயி" என்றார். எனக்கு முதலில் எரிச்சல்தான் வந்தது. ஒரு வேலையைச் சொன்னால் அது முடிகிறவரை பக்கத்திலேயே நிற்கிற மனிதர், இந்த ஒரு வேலையை மட்டும் பாதியில் விட்டுவிட்டுப் போய்விட்டார். அழுகை அவர் வீட்டு வாசலுக்குப் போன பிறகுதான் வந்தது.

நம் தமிழர் சங்க மலரில் அவரைப் பற்றி எழுத எனக்குத் தகுதி உண்டா என்பது சந்தேகம். அவருடன் கப்பலில் போனவர்கள் எழுதியிருக்க வேண்டும். அவர்கள் பம்பாயிலும் விசாகப்பட்டினத்திலும் இருக்கிறார்கள். எனக்கு நீந்தக்கூடத் தெரியாது. போட் கொஞ்சம் ஆடினாலும் பெஞ்சைப் பிடித்துக்கொள்பவன் நான். எழுபதுகளின் நடுவில் அவர் கமடோராகக் கொச்சிக்குத் திரும்பி வந்தபோது, எதிர்த் தீவிலிருந்த கடற்படை அலுவலகத்தில் அவருக்குத் தலைமைக் குமாஸ்தாவாக இருந்தேன். அந்த உரிமையில் எழுதுகிறேன்.

அவரிடம் வேலை பார்ப்பது பெரிய தொல்லை. எந்தத் தவறு நடந்தாலும் "என் பொறுப்பு" என்று எடுத்துக்கொள்வார். "கேப்டன் தூங்கிண்டிருந்தாலும் கப்பல் அவனோடதாக்கும் ஓய்" என்பார். கடிதத்தில் தட்டச்சுப் பிழை இருந்தால், "ஒப்புப் போட்டது நான், என் தப்பு" என்று தானே திருத்துவார். தட்டச்சு செய்த பெண் அன்று முழுவதும் சோற்றுப் பாத்திரத்தைத் திறக்காமல் உட்கார்ந்திருப்பாள். ஓர் அதட்டல் போட்டிருந்தால் நிம்மதியாகச் சாப்பிட்டிருப்பாள். இதை அவரிடம் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை.

சீனவலை விவகாரம் உங்களில் பலருக்குத் தெரியும். தெரிந்தவர்களும் தவறாகத்தான் சொல்கிறார்கள், ஆகையால் முறையாக எழுதிவிடுகிறேன். கமடோர் தம் மருமான் கல்யாணத்துக்காகப் பாலக்காட்டுக்குப் போயிருந்தார். அவர் பொறுப்பிலிருந்த சரக்குப் படகு ஒன்று திரும்பாமல் நேரே போய், கரையோரத்தில் மரக்கால்களின் மேல் கட்டியிருந்த, மீன் பிடிக்கும் ஒரு பெரிய சீனவலையில் மோதியது. வலை சாய்ந்தது. ஒரு தொழிலாளிக்குக் கை முறிந்தது. விசாரணை வைத்தார்கள். அந்த வருஷம்தான் அவருடைய பெயர், கமடோருக்கு அடுத்த படியான ரியர் அட்மிரல் பதவிக்குப் பரிசீலனையில் இருந்தது.

நான் விடுப்பு உத்தரவையும், பொறுப்பை ஏற்றுக்கொண்டதாக ஓர் இளம் லெஃப்டினன்ட் கையெழுத்திட்ட தாளையும் தேடி எடுத்து, வரிசைப்படி அடுக்கிக் கொண்டுபோய் வைத்தேன்.

"சார், அன்னிக்கு நீங்க லீவுல இருந்தேள். சார்ஜ் கொடுத்ததுக்கு ஒப்பு இருக்கு."

"நான் லீவுல போனா போட்டும் லீவுல போயிடுத்தா ஓய்?"

"அப்படிச் சொன்னா புரமோஷன் போயிடும் சார்."

"ஸ்டியரிங் இறுகிக் கிடக்குன்னு எனக்கு முன்னமே தெரியும். மாத்தணும் மாத்தணும்னு நெனச்சுண்டே இருந்தேன். அதை எந்தத் தாள்ல சார்ஜ் கொடுத்தேன்? காட்டும்."

கொண்டுபோன தாள்களைத் திரும்ப எடுத்துக்கொண்டேன். விசாரணையில் அவர் எழுந்து நின்று அதையே சொன்னார். அதிருப்தி தெரிவித்து மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது. பதவி இன்னொருவருக்குப் போயிற்று. அந்த லெஃப்டினன்ட் பின்னால் நன்றாக உயர்ந்துவிட்டார்.

கடிதம் வந்த அன்று அவர் வீட்டுக்குப் போனேன். அவர் மனைவி கமலம் மாமி சாயா தம்ளரை என் முன்னால் ணங்கென்று வைத்தாள். "கேட்டேளா நீலகண்டன்? ஊர்ல எவன் தும்மினாலும் இவராக்கும் காரணம். போய் எல்லார் மூக்கையும் தொடைச்சு விடச் சொல்லுங்கோ!" கமடோர், அவளுக்குக் கோபம் வந்ததற்கும் தாமே பொறுப்பு என்றார். மாமி உள்ளே போய்விட்டாள்.

அதோடு விட்டாரா? வலையை மறுபடி நிறுத்துகிறவரை ஞாயிற்றுக்கிழமைதோறும் கரைக்குப் போய், வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கயிறு இழுத்தார். வலைக்காரர்கள் எந்த முடிச்சைப் போட்டாலும் அவிழ்த்துக் கப்பல் முடிச்சாக மாற்றினார். வலைக்காரர் அந்தோணி என்னைத் தனியே அழைத்து, "ஸ்வாமீ, சாரை ஒந்நு வீட்டிலேக்கு கொண்டுபோகாமோ? ஞங்கள் வேகம் தீர்க்காம்" என்று கெஞ்சினார். சார் வீட்டுக்குப் போனால் அவர்கள் சீக்கிரம் முடித்துவிடுவார்களாம். அழைத்துப் போக என்னால் ஆகவில்லை. நானும் ஒரு கயிற்று நுனியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

ஓய்வு பெற்றதும் நம் தமிழர் சங்கத்துக்குத் தலைவரானார். ஆண்டு விழாச் சாப்பாட்டில் சாம்பார் உப்புக் கரித்தது. இலையிலிருந்து எழுந்து, கைகூப்பி, "தலைவர் என்ற முறையில் என் தப்பு" என்றார். சமையல்காரர் கிட்டுமணி பின்னால் நின்று ஆமோதித்துத் தலையை ஆட்டினார்! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆனால் அடுத்த வருஷம் விடிந்ததிலிருந்து கமடோர் அடுப்படியை விட்டு நகரவில்லை. ஒவ்வோர் அண்டாவையும் ருசி பார்த்தார். கிட்டுமணி கரண்டியைக் கீழே போட்டுவிட்டு, "ஓய் நீலகண்டன், போன வருஷமே என்னை நாலு வார்த்தை திட்டியிருக்கப்படாதா இவர்?" என்றார். தவறைத் தம்முடையதாக்கிக்கொண்டால் அதைச் சரிசெய்கிற வேலையையும் எவருக்கும் விட்டுக்கொடுக்க மாட்டார். அதுதான் அவரிடம் தாங்க முடியாதது.

போன வாரம் சங்கத்தில் இரங்கல் கூட்டம். மேடையில் கட்டியிருந்த துணியில் "ரியர் அட்மிரல் பரமேசுவரன்" என்று பெரிதாக எழுதியிருந்தது. பம்பாயிலிருந்து வந்திருந்த மகன் ரவி அதைப் பார்த்ததும் முகம் சிவந்து, "யாராக்கும் இதை எழுதச் சொன்னது? போனப்புறமும் அப்பாவைப் பரிகாசம் பண்றேளா?" என்று சத்தம் போட்டான். நான் எழுதிக்கொடுத்த வாசகத்தில் கமடோர் என்றுதான் இருந்தது. அதன் கார்பன் பிரதி என் பையில் இருந்தது. செயலாளர் சுந்தரம், பாவம், மரியாதையாக இருக்கட்டும் என்று பதவியை உயர்த்திவிட்டார் போலிருக்கிறது. அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். சங்கத்தில் எழுத்து வேலை எல்லாம் என்னுடையது என்பதால் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

கையைப் பைக்குள் விட்டேன். பிரதி விரலில் தட்டுப்பட்டது. எழுதிக் கொடுத்தேனே தவிர, எழுதி வந்ததைப் போய்ப் பார்த்தேனா? கையை வெறுமையாக வெளியே எடுத்தேன். "என் பொறுப்பு" என்றேன். பின்வரிசைக்குக் கேட்கவில்லை, இன்னொரு முறை சொல்ல வேண்டியிருந்தது.

சொன்னால் போதாது என்பது அடுத்த கணமே தெரிந்துவிட்டது. துணி அப்படியே தொங்கிக்கொண்டிருந்தது. இந்த வயதில், எனக்கு உயரமென்றால் தலை சுற்றும் என்று தெரிந்தும், ஸ்டூல் மேல் ஏறினேன். சுந்தரம் ஓடிவந்து ஸ்டூலைப் பிடித்துக்கொண்டார். "ரியர் அட்மிரல்" மேல் வெள்ளைத்தாளை ஒட்டி, "கமடோர்" என்று எழுதினேன். எழுத்து கோணலாகத்தான் வந்தது.

இறங்கியபோது முன்வரிசையிலிருந்த கமலம் மாமி என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "சரியாப்போச்சு. இந்த வியாதி உங்களுக்கும் ஒட்டிண்டுடுத்தா?" என்றாள்.

ஒட்டிக்கொண்டுவிட்டது. அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது அதுதான். மறுநாள் எர்ணாகுளம் போய், அவர் கேட்ட பாலிஷையே தேடி வாங்கி வந்தேன். அன்றிலிருந்து அவர் வீட்டு வாசலிலுள்ள பித்தளைப் பெயர்ப்பலகையைத் தேய்த்துக்கொண்டிருக்கிறேன். 'கமடோர்' என்ற சொல் மட்டும் இன்னும் பளபளக்கவில்லை. டப்பா சரியானதுதான், நான்தான் சரியாகத் தேய்க்கவில்லை.